கணவருக்கு எதிராக நான் சொன்ன சாட்சி

மாமியார் இறந்த மறு வருடம், மயிலாப்பூர் வீட்டை என் மாமனார் தன் ஒரே மகனுக்கு, அதாவது என் கணவருக்கு, செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்தார். கடைசி வரை அப்பாவை வைத்துப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று பத்திரத்திலேயே இருந்தது.

பதிவான பிறகு என் கணவர் மாறிவிட்டார் என்று சொல்ல மாட்டேன். கை நீட்டும் பழக்கம் அவருக்கு முன்பே உண்டு. அதுவரை என்மேல் மட்டும் நீண்டது.

வீட்டை விற்க ஆள் கூட்டி வந்தபோது மாமனார் வாசலை மறித்து நின்றார். "நான் உசுரோட கீற வரிக்கும் விக்க வுடமாட்டேன்." அன்றிலிருந்து அவரை மாடி அறைக்குள் விட்டு, வெளியே தாழ்ப்பாள் போட்டார் என் கணவர். நான் சோறு கொண்டுபோகும்போதுதான் கதவு திறக்கும். ஒரு நாள் திறந்த கதவு வழியாக மாமனார் வெளியே வரப் பார்த்தார். என் கணவர் அவர் கையைப் பிடித்து முறுக்கி உள்ளே தள்ளினார். மணிக்கட்டு உடைந்த சத்தம் படியில் நின்ற எனக்குக் கேட்டது.

ஆஸ்பத்திரியில், பாத்ரூமில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னார் என் கணவர். அவர் மருந்து வாங்கப் போன நேரத்தில் நர்ஸ் என் பக்கம் குனிந்தார். "பெத்தவங்களைக் கொடுமைப்படுத்துனா சட்டம் இருக்குங்க. கோட்டாட்சியர் ஆபீஸ்ல மனு குடுங்க. வக்கீல்கூட வேணாம்."

கணவர் வேலைக்குப் போன ஒரு காலையில் தாழ்ப்பாளைத் திறந்து, மாமனாரை ஆட்டோவில் கோட்டாட்சியர் ஆபீசுக்குக் கூட்டிப்போனேன். வலது கையில் மாவுக்கட்டு இருந்ததால், மனுவில் கையெழுத்துக்குப் பதிலாக இடது கைப் பெருவிரலை வைத்தார். கணவர் திரும்புவதற்குள் வீடு வந்து, தாழ்ப்பாளை மறுபடி போட்டேன்.

நோட்டீஸ் வீட்டுக்கு வந்தது. "யாரு இட்டுகினு போனது?" என்று கேட்டார் என் கணவர்.

"நானேதான் போனேன்" என்றார் மாமனார்.

அதற்குப் பிறகு விசாரணை நாள் வரை என் கணவர் அடிக்கவில்லை, திட்டவில்லை, எங்கள் இருவரிடமும் பேசவே இல்லை. எனக்கு அதுதான் அதிக பயமாக இருந்தது.

விசாரித்த அதிகாரி ஒரு பெண். "கை எப்படிப் பெரியவரே உடைஞ்சுது?"

மாமனார் மகனைப் பார்த்தார். "வயசாயிடுச்சும்மா. வய்க்கி வுயுந்துட்டேன்."

"அடிச்சதா மனுவுல இருக்கே?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். பக்கத்தில் என் கணவர் மெல்ல மூச்சுவிட்டது கேட்டது. நான் எழுந்தேன்.

"உக்காரு" என்றார் என் கணவர், எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி.

உட்காரவில்லை. "இவருதாம்மா முறுக்குனாரு. நான் பார்த்தேன்." தாழ்ப்பாளைப் பற்றியும் சொன்னேன்.

அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "இன்னைக்கு வீட்டுக்குப் போக உங்களுக்குப் பயமா இருக்கா?"

"இருக்கும்மா."

அவர் அங்கிருந்தே போலீஸ் ஸ்டேஷனுக்குப் பேசினார். ஒரு பெண் காவலர் எங்களோடு வீட்டுக்கு வந்தார். அவர் முன்னிலையில் என் கணவர் துணிகளை எடுத்துக்கொண்டு ஆதம்பாக்கத்திலுள்ள நண்பர் வீட்டுக்குப் போனார். பிறகு உத்தரவு வந்தது: செட்டில்மெண்ட் ரத்து, வீடு மறுபடி மாமனாருக்கே. மகன் தொந்தரவு செய்யக் கூடாது, ஸ்டேஷனிலிருந்து அவ்வப்போது வந்து பார்க்க வேண்டும்.

மாமனார் சந்தோஷப்படவில்லை. "எல்லார் எதுர்லயும் எம்புள்ளய காட்டிக் குட்த்துட்டியே" என்றார்.

"ஆமா மாமா" என்றேன். அதன் பிறகு அவர் நான் வைத்ததைச் சாப்பிட்டார். முகம் பார்த்துப் பேசவில்லை.

மாவுக்கட்டைப் பிரித்த பிறகு ஒரு நாள் அந்தக் காவலர் வந்தார். "பையன் வந்து தொல்லை எதுனா பண்றாரா பெரியவரே?"

"வர்ல" என்றார். கொஞ்ச நேரம் மணிக்கட்டைத் தடவிக்கொண்டிருந்தார். "இத்த அவன்தாம்மா ஒடச்சான். அன்னிக்கு ஆபீசர் கைல நான் பொய் சொல்ட்டேன். எய்திக்கோ."

காவலர் எழுதிக்கொண்டார். நான் சமையலறைக்குள் போய் அழுதேன்.

என் கணவர் இன்னும் ஆதம்பாக்கத்தில்தான் இருக்கிறார். திரும்பி வரச் சொல்லி நானும் கேட்கவில்லை, மாமனாரும் கேட்கவில்லை.