பங்கருக்குள் ஒரு கருவாட்டு வரைபடம்

சுவிஸில், லா ஷோ-து-ஃபோனில் நான் குடியிருந்த கட்டடத்துக்கு அடியில் ஒரு பங்கர் இருந்தது. அணுகுண்டு விழுந்தால் ஒளிவதற்காம். ஊரில் ஷெல்லுக்குப் பயந்து பங்கர் வெட்டியே கை காய்த்துப்போனவன் நான். கொங்கிரீட்டில், இரும்புக் கதவு போட்டு, ஆளுக்கொரு சாமான் அறையும் பிரித்துவைத்த பங்கரைக் கண்டு சிரித்தேன். கடைசியில் அதற்குள் நான் கொண்டுபோய் ஒளித்தது கருவாட்டை.

சண்டை முடிந்து இரண்டு வருஷம். மனைவியை இங்கே கூப்பிட அலுவல் பார்த்துக்கொண்டிருந்தேன். மணிக்கூட்டுத் தொழிற்சாலையில் வேலை இருந்தது. குடும்பம் இருக்கத்தக்க வீடு வேண்டும் என்றார்கள், நாயாய் அலைந்து அதையும் பிடித்துவிட்டேன். நேரம் பார்த்து வந்தது வீட்டு நிர்வாகத்தின் கடிதம். சகிக்க முடியாத சமையல் மணம் என்று முறைப்பாடாம். வியாழக்கிழமை அலுவலகத்து ஆள் ஒருவர், கட்டடத்தைப் பராமரிக்கும் கொன்சியர்ஜோடு, வீடு வீடாக வந்து பார்ப்பாராம். மணம் எந்த வீடென்று தெரிந்தால் ஒப்பந்தம் முறியுமாம். வீடு போனால் மனைவியின் விசாவும் போச்சு.

புதன் பின்னேரம் சுறாக் கருவாட்டையும் நெத்தலியையும் ஐந்து பைக்குள் சுற்றி எடுத்துக்கொண்டு பங்கருக்குப் போனேன். அங்கே ஏற்கெனவே ஒருத்தி குந்தியிருந்து எதையோ பெட்டிக்குள் திணித்துக்கொண்டிருந்தாள். மேல்மாடிப் பிலிப்பைன்ஸ்காரி. முதியோர் இல்லத்தில் வேலை. ஒருமுறை என்னை இந்தியனா என்று கேட்டவள், அதற்காக ஒரு மாதம் அவளுக்கு வணக்கம் சொல்லாமல் திரிந்தவன் நான்.

என் பையைப் பார்த்து அவள் உதட்டைக் குவித்தாள். எனக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. பிறகுதான் விளங்கியது, நாங்கள் விரலால் காட்டுவதை அவர்கள் உதட்டால் காட்டுவார்கள். பையைத் திறந்தேன். அவளும் பெட்டியைத் திறந்தாள். பிளந்து காயவைத்த சின்ன மீன்கள். பார்த்தவுடன் தெரிந்துவிட்டது, எங்கள் ஊர் ஓரா மீனேதான். ஒப்பந்தம், விசா எல்லாம் மறந்து ஒன்றை எடுத்து மூக்கில் வைத்து மணந்தேன். என்ன சொல்ல, கண் கலங்கிவிட்டது.

ஓரா அவளுடைய தாயின் ஊரான செபுவில் இருந்து வந்ததாம். பிலிப்பைன்ஸ் பாஷையில் அதற்கு என்ன பெயர் என்று கேட்டேன். எந்தப் பிலிப்பைன்ஸ் பாஷையில் என்று அவள் திருப்பிக் கேட்டாள். எனக்கு அப்போதுவரை ஒன்றுதான் என்ற நினைப்பு. அவளுக்குக் கோபம் வந்துவிட்டது. என் நெத்தலியை வாங்கி நிலத்தில் தீவு தீவாக வைக்கத் தொடங்கினாள். மேலே பெரிய தீவின் வடக்கு மூலை தகப்பனின் ஊர், அங்கே இலோகானோ. நடுவில் தாயின் செபுவானோ. இருவரும் சண்டை பிடித்தால் ஆளுக்கொரு பாஷையாம். கீழே தெற்கே கடைசித் தீவுகளில் தமையன் கட்டியது முஸ்லிம் பெண், அவளுடைய பாஷை வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. அங்கிருந்து மலேசியாவும் இந்தோனேசியாவும் வள்ளத்தில் போகிற தூரம், அங்கேயும் சொந்தக்காரர். ஏழாயிரம் தீவு என்றாள். நெத்தலி முடிந்துவிட்டது.

நானும் விட்டுக்கொடுக்கவில்லை. சுறாத் துண்டு ஒன்றை இடது பக்கம் தள்ளிவைத்து, இலங்கை என்றேன். பக்கத்தில் இன்னொன்றை வைத்து, இந்தியா, வேறு துண்டு, பார்த்துக்கொள் என்றேன். அவள் மன்னிப்புக் கேட்டாள். நானும் கேட்டேன்.

அந்த நேரம் பார்த்துக் கதவு திறந்தது. கொன்சியர்ஜ். நாளைக்கு மோப்பம் பிடிக்க வேண்டிய அதே மனுசன். காலடியில் தென்கிழக்காசியா முழுக்க நாறிக்கொண்டு கிடக்கிறது. என் மனைவி இனிக் கொழும்பு விமான நிலையத்தைக்கூடக் காணமாட்டாள் என்று நினைத்தேன்.

அவர் நிலத்தைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார். அவருடைய கக்கத்திலும் பேப்பர் சுற்றிய பலகை போல ஒன்று. மெல்ல அவிழ்த்தார். கதவளவு உப்புக் கருவாடு! ஆள் போர்த்துக்கீசர், குடியிருப்பும் இதே கட்டடத்தில்தான், அவரும் ஒளிக்கத்தான் வந்திருக்கிறார். கதவடியில் அதை வைத்து, போர்த்துக்கல் என்றார். உன் ஆட்கள் முந்தி எங்கள் யாழ்ப்பாணத்தைப் பிடித்தவர்கள் என்றேன். தன்னால் இப்போது ஒரு பார்க்கிங் இடம்கூடப் பிடிக்க முடியவில்லை என்றார்.

வியாழக்கிழமை மூன்று வீட்டிலும் எலுமிச்சைச் சவர்க்கார மணம். அலுவலகத்து ஆள் மூக்கை உறிஞ்சி உறிஞ்சித் தடிமன் பிடித்துப் போனார். முறைப்பாடு கொடுத்த இரண்டாம் மாடி அம்மா புதன்கிழமைகளில் மகள் வீட்டுக்குப் போவார் என்று கொன்சியர்ஜ் காதில் சொன்னார். அன்றிலிருந்து எங்கள் கட்டடத்தில் புதன்கிழமைதான் பெருநாள், மூன்று பேரும் பொரித்ததைக் கொண்டுபோய்ப் பங்கருக்குள் இருந்து சாப்பிடுவோம்.

ஏழு மாதத்தில் மனைவி வந்து சேர்ந்தாள். அதற்கு முன் கலியாணத்துக்காகச் சென்னையில் பன்னிரண்டு நாள்தான் ஒன்றாக இருந்தோம், அது முழுக்கக் கந்தசஷ்டி விரதமும் கோயிலுமாய்ப் போனது, மீன் பக்கம் ஒருவரும் போகவில்லை. அவள் இங்கே வந்தது ஒரு புதன்கிழமை. வரவேற்பாக இருக்கட்டும் என்று சுறா பொரித்து வைத்திருந்தேன். வாசலிலேயே சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"நான் பிறவிச் சைவம். உங்களுக்கு ஒருத்தரும் சொல்லேல்லையோ?"

"இல்லை."

"இனி இந்த வீட்டுக்குள்ள கருவாடு பொரிக்கேலாது."

"ஓம்" என்றேன். நிர்வாகத்தின் கடிதத்துக்குக்கூட நான் இவ்வளவு கெதியாகப் பணியவில்லை.

பொரித்த சுறாவைச் சட்டியோடு தூக்கிக்கொண்டு பங்கருக்கு இறங்கினேன். என் முகத்தைக் கண்டதும் மேல்மாடிக்காரியும் கொன்சியர்ஜும் எனக்கு இடம் விட்டுத் தள்ளி இருந்தார்கள்.