பன்னிரண்டு வரி நடுநிலை

அந்தப் பித்தளை அளவுகோல் இன்றும் என் மேஜை இழுப்பறையில் கிடக்கிறது. தூத்துக்குடியில் நான் மெய்ப்புத் திருத்திக்கொண்டிருந்த வாரப் பத்திரிகையின் ஆசிரியர் அதை வைத்துத்தான் நியாயத்தை அளப்பார். யுத்தம் முடிந்தும் காகிதத் தட்டுப்பாடு தீராத காலம். பத்திரிகை நாலே பக்கம். எந்தத் தகராறானாலும் இரு தரப்புக்கும் ஒரே அளவு இடம். மெய்ப்பின் மேல் கோலை வைத்து, ஒரு பக்கம் அரை வரி நீண்டால் வெட்டிவிடுவார். "அளந்து பாருலே, ஒரு வரி கூடக்கொறைய இருக்கா? இதுதாம்லே நடுநிலை" என்பார். அப்பேர்ப்பட்ட நீதிமான். வாசலைத் தாண்டிப் போய் ஒரு ஆளிடம் ஒரு வார்த்தை விசாரித்து நான் பார்த்ததில்லை.

அந்த வருஷம் கொட்டகையில் பெரிய படத்துக்கு முன்னால் கடலில் முங்கிச் சங்கெடுக்கும் சங்குக்குளியைப் பற்றி ஒரு விளக்கப்படம் காட்டினார்கள். நாள் முழுக்க முங்கி எழும் குளியாட்களில் சிலருக்குக் கால் மரத்துப்போகும், நடை தடுமாறும். கடலடியில் பிடிக்கிற நோய் என்பார்கள் அவர்கள். படமோ, அப்படி ஒரு நோயே கிடையாது, எல்லாம் கள்ளும் சோம்பலும் என்றது. அத்தாட்சியாக, தோணியில் ஈரம் சொட்டச் சிரித்து நிற்கும் ஒரு குளியாளைக் காட்டியது.

இதெல்லாம் நான் பிற்பாடு பார்த்துத் தெரிந்துகொண்டது. விமர்சனம் எழுதியபோது ஆசிரியரும் படம் பார்த்திருக்கவில்லை, நானும் பார்த்திருக்கவில்லை. படக்காரர்கள் கொடுத்த துண்டுப் பிரசுரத்திலிருந்து பன்னிரண்டு வரி. மறுதரப்புக்கு, கடல் பக்கமே போயிராத ஒரு வைத்தியர் நோய் உண்டு என்று எழுதிய கடிதத்திலிருந்து பன்னிரண்டு வரி. 'இந்நோய் உண்டா இல்லையா என்பது சர்ச்சைக்குரியது' என்று முடித்தோம். அந்த வாக்கியம் என்னுடையது. அதில் எனக்குப் பெருமை வேறு.

மூன்றாம் நாள் ஒரு பெண் அச்சகத்துக்கு வந்தாள். எங்கள் தாளை நாலாக மடித்துக் கையில் வைத்திருந்தாள்.

"ஐயா, படத்துல சிரிச்சிட்டு நிக்காருல்லா, அது எங்க வீட்டுக்காரரு. ரெண்டு வருசத்துக்கு முந்தி எடுத்தாவ. இப்பம் செவுத்தப் புடிச்சித்தான் நடக்காரு. இந்தப் பருவம் கடலுக்கு வேண்டாம்னு தோணிக்காரர்ட்ட கெஞ்சினேன். 'சர்ச்சைன்னு பேப்பர்லயே போட்டிருக்கு, திங்கக்கெழம வந்து சேரச் சொல்லு'ங்காரு. ஒருக்க வீட்டுக்கு வந்து அவரப் பாத்துட்டு எழுதுங்கய்யா. பத்து நிமிச நடதான்."

ஆசிரியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஒங்க கஷ்டம் புரியுதும்மா. ஆனா அவரையும் போட்டா மூணு தரப்பு ஆயிருமே. இருக்கது ரெண்டு பத்திதான்" என்றார். கிண்டல் இல்லை, மனமாரத்தான் சொன்னார். அவள் என்னைப் பார்த்தாள். நான் குனிந்து மெய்ப்பைப் பார்த்தேன்.

திங்கட்கிழமை அவர் கடலுக்குப் போனார். மறுநாள் தோணிக்குள் தூக்கிப் போட்டபோது உயிர் இருந்தது. இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லை. கரையெல்லாம் அதே பேச்சானதால் ஆசிரியர் அதையும் போட்டார். சங்கு குளித்ததால் வந்தது என்று குடும்பத்தார், கால் வழுக்கி விழுந்தார் என்று தோணிக்காரர். ஆறு வரிக்கு ஆறு வரி. தோணிக்காரர் பக்கம் ஒரு வரி குறைந்தது. "நீட்டுலே" என்றார் ஆசிரியர். 'கள் அருந்தும் வழக்கமுடையவர் எனவும் கூறப்படுகிறது' என்று நீட்டினேன். யாரும் கூறவில்லை. அந்த இடம் காலியாக இருந்தது, அவ்வளவுதான்.

சில மாதங்களில் வேலையை விட்டேன். கிளம்பும்போது அளவுகோலை எடுத்து மடியில் செருகிக்கொண்டேன். ஆசிரியருக்கு அதற்குமேல் ஒரு தண்டனை கொடுக்க எனக்குத் துப்பில்லை. இன்றைக்கும் செய்தித்தாளில் 'சர்ச்சைக்குரியது' என்று கண்டால் இழுப்பறையைத் திறந்து அதைப் பார்க்கிறேன். வேலையை விட்ட அன்று வீடு திரும்பும் வழியில் அந்தக் குளியாளின் தெருவுக்குப் போனேன். பத்து நிமிஷம்கூட ஆகவில்லை. வாசலில் தலையணை முட்டுக்கொடுத்து அவரை உட்காரவைத்திருந்தார்கள். "யாரு?" என்று கேட்டார். வழி தவறி வந்துவிட்டேன் என்று சொல்லித் திரும்பினேன். வீடு வந்து சேரும்வரை அளவுகோல் இடுப்பில் குத்திக்கொண்டே வந்தது.