மோரிஸின் இடது தோள்

மீன் வறுவல் கடை வரிசையில் நின்றால்கூட மோரிஸ் ஓல்ராய்டு இடது தோளை ஓரங்குலம் கீழே இறக்கித்தான் நிற்பார். எதிரில் இருப்பவர் முகத்தில் வெளிச்சம் விழ வேண்டுமாம். கடைக்காரி பிரெண்டா கொதிக்கிற எண்ணெயிலிருந்து உருளைக்கிழங்கை அரித்தெடுத்துக்கொண்டே கேட்பாள்: "யாருக்கு வழி விடுற கண்ணு? நான் என்ன கதாநாயகியா?"

"உன்ன விட்டா இந்தத் தெருவுல வேற யாரு பிரெண்டா?"

"போதும் போதும். பட்டாணி கூட ஒரு கரண்டி வேணும்னா வாயத் தொறந்து கேளு."

டெலிவிஷன் நாடகத்தில் இரண்டு பேர் பேசும்போது, ஒருவர் தோளுக்கு மேலாக இன்னொருவர் முகத்தைக் காட்டுவார்கள், கவனித்திருப்பீர்கள். முகம் பெரிய நடிகருடையது. தோள் மோரிஸுடையது. அந்தத் தோள் குறுக்கே வந்து முகத்தை மறைத்துவிடக் கூடாது, ஒரேயடியாக ஒதுங்கியும் போய்விடக் கூடாது. இதில் மோரிஸை அடித்துக்கொள்ள இங்கிலாந்தின் லீட்ஸ் வட்டாரத்தில் ஆள் கிடையாது. பழக்கம் எலும்பு வரை இறங்கிவிட்டது. அவருடைய கல்யாணப் படத்தையே பாருங்களேன்: மணப்பெண் டாட்டின் முகம் பளிச்சென்று இருக்கிறது, மாப்பிள்ளை பாதி நிழலில் நிற்கிறார்.

பாதிரியார், வக்கீல், பால்காரர், டிக்கெட் பரிசோதகர் என்று அவர் போடாத வேஷம் இல்லை. பலமுறை பிணமாகவும் படுத்திருக்கிறார். ஒருமுறை பிணமாகப் படுத்தவர் அப்படியே அசந்து குறட்டை விட, விசாரணை செய்துகொண்டிருந்த துப்பறிவாளர் சிரித்துச் சிரித்து ஒப்பனை கலைந்து போனது. பஸ்ஸில் யாராவது உற்றுப் பார்த்து, "உங்கள எங்கயோ பாத்திருக்கேனே, எங்க வீட்டு ஹீட்டர் ரிப்பேர் பண்ண வந்தது நீங்கதானே?" என்றால் மறுக்க மாட்டார். "ஆமாம்மா, இப்ப ஒழுங்கா ஓடுதா?" என்று விசாரிப்பார். அந்த அம்மாளுக்கும் சந்தோஷம், இவருக்கும் ஒரு வேஷம்.

சாப்பாட்டில்தான் டாட்டுக்கும் அவருக்கும் சண்டை. சாப்பிடும் காட்சியை மறுபடி மறுபடி எடுக்கும்போது தட்டு ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி இருக்க வேண்டும். அதனால் விவரம் தெரிந்த நடிகர்கள் எதையும் விழுங்க மாட்டார்கள், முள்கரண்டியால் தள்ளிக்கொண்டே இருப்பார்கள். மோரிஸ் வீட்டிலும் அதையே செய்வார். பட்டாணி தட்டின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்குப் போய்த் திரும்பி வரும். டாட் பெண்களுக்கு முடி வெட்டும் சலூன் வைத்திருப்பவள். நாளெல்லாம் நின்ற கால் வலியோடு சமைத்துவிட்டு இதைப் பார்த்தால் கோபம் வராதா? "வாயில போடுய்யா! இங்க எவனும் 'கட்' சொல்லப் போறதில்ல!"

'ஸ்கார்பெக்' என்ற போலீஸ் தொடரில் பல வருஷமாக சார்ஜன்ட் டாண்டி அவர்தான். வாரா வாரம் இன்ஸ்பெக்டரம்மாவின் அறைக் கதவைத் திறந்து, "மேடம், ஃபோன்" என்பார். சில வாரம், "மேடம், டீ." டாட் தன் வாடிக்கைக்காரிகளிடம், "வசனத்த மனப்பாடம் பண்ணி பாவம் எளச்சுப் போயிட்டாரு" என்பாள். ஆனால் ஞாயிற்றுக்கிழமை எட்டு மணிக்கு அந்தக் கதவு திறக்கும்போது மட்டும் அவள் வீட்டில் யாரும் மூச்சுவிடக் கூடாது.

இந்த வசந்தத்தில் டாண்டிக்குக் கதையில் தீராத நோய் வந்தது. வேலையை விட்டுப் போகப் போவதை அவர் இன்ஸ்பெக்டரம்மாவிடம் சொல்ல வேண்டும். இரண்டு பக்க வசனம்! இயக்குநர் கேலம் சின்ன வயசுக்காரன், அவனே ஃபோன் பண்ணினான்: "இந்தத் தடவ உங்க முகம்தான் மோரிஸ். திரை முழுக்க நீங்க மட்டும்தான்."

காட்சி ஒளிபரப்பாகும் வரை வெளியே சொல்லக் கூடாது என்பது அந்தத் தொழிலில் எல்லோரும் பார்க்கிற சகுனம். எப்போது எதை வெட்டுவார்கள் என்று யாருக்குத் தெரியும்? இத்தனை காலம் வாயைத் திறக்காத மனுஷன் இந்த முறை தம்பட்டம் அடித்துவிட்டார். பிரெண்டாவிடம் சொன்னார். பஸ் டிரைவரிடம் சொன்னார். ஹீட்டர் அம்மாளைக் கண்டிருந்தால் அவளிடமும் சொல்லியிருப்பார்.

படப்பிடிப்பு அன்று காலை டாட் அவர் கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டே எச்சரித்தாள்: "மொதல்ல அந்த இன்ஸ்பெக்டர் பொண்ணு மூஞ்சியத்தான் எடுப்பாங்க. அதுவரைக்கும் நீ சும்மா முணுமுணுத்துட்டு நில்லு. காமிரா உன் பக்கம் திரும்புற வரைக்கும் கண்ணீரப் பத்திரமா வெச்சுக்கோ. அவகிட்ட எல்லாத்தயும் கொட்டிட்டு வெறும் ஆளா வந்து நிக்காத. ஒன்னத் தெரியும் எனக்கு."

"சரி டாட்."

"சரி டாட்னு சொல்லிட்டு சொதப்பாத."

அவள் சொன்னது போலவே முதலில் டாம்சினின் முகம். இன்ஸ்பெக்டராக நடிக்கும் அந்தப் பெண் திறமைசாலி, ஆனால் அன்று ஏனோ வறண்டு கிடந்தாள். ஒருமுறை, இருமுறை, ஐந்தாறு முறை எடுத்தாயிற்று. கண்ணில் ஒரு சொட்டு வரவில்லை. விளக்குக்காரர்கள் கடிகாரத்தைப் பார்த்தார்கள். அவள் மெதுவாக, மோரிஸுக்கு மட்டும் கேட்கும்படி சொன்னாள்: "எனக்கு வரவே மாட்டேங்குது மோரிஸ். எல்லாரும் பாக்குறாங்க. அசிங்கமா இருக்கு."

மோரிஸ் அவள் முகத்தைப் பார்த்தார். டாட் சொன்னது நினைவில் இல்லாமல் இல்லை. ஆனால் எதிரில் ஒரு பெண் இப்படித் தவிக்கும்போது முணுமுணுத்துக்கொண்டு நிற்க அவரால் முடியவில்லை. காமிரா மறுபடி ஓடியது. "நான் கிளம்புறேன் மேடம். இனிமே டீ நீங்களே போட்டுக்கணும்" என்றார். அத்தனை வருஷம் திறந்த கதவெல்லாம் ஒன்றாக வந்து நெஞ்சில் ஏறிக்கொண்டது. அழுதார். தோளை இறக்க மறந்தது அவர் வாழ்க்கையிலேயே அந்த ஒருமுறைதான். அது மேலே ஏறிக் குலுங்கியது. டாம்சினின் கண் நிரம்பி வழிந்தது.

"கட்! அருமை, அருமை!" என்று கேலம் கத்தினான். எல்லோரும் அவளுக்குக் கை தட்டினார்கள். அவள் ஓடி வந்து மோரிஸைக் கட்டிக்கொண்டாள்.

அதற்குள் நேரம் முடிந்துவிட்டது. அன்றோடு அந்த இடத்தைக் காலி செய்தாக வேண்டும். கேலம் தலையைச் சொறிந்துகொண்டு வந்தான். "மோரிஸ், உங்க முகத்த இன்னொரு நாள் எடுத்துக்கலாம். சரியா?"

"அதுக்கென்னப்பா, தாராளமா."

இன்னொரு நாள் என்றால் அந்தத் தொழிலில் என்ன அர்த்தம் என்று இருவருக்கும் தெரியும். மோரிஸ் சார்ஜன்ட் தொப்பியை உடுப்புக்காரப் பெண்ணிடம் கொடுத்துவிட்டு பஸ் ஏறினார். வலித்தது. பொய் சொல்வானேன், நன்றாகவே வலித்தது. வாசலிலேயே காத்திருந்த டாட், "எடுத்தாங்களா?" என்றாள். "எடுத்தாங்க" என்றார். எதையோ எடுத்தார்கள்தானே. அதற்கு மேல் சொல்ல நாக்கு எழவில்லை. இன்னொரு நாள் வரவும் இல்லை.

அந்தக் காட்சி ஒளிபரப்பாகும் ஞாயிறு வந்தது. பிரெண்டா கடையைச் சீக்கிரமே சாத்திவிட்டு வந்து சோபாவில் பாதியைப் பிடித்துக்கொண்டாள். டாட் பன்றியிறைச்சி வைத்துச் சுட்ட அப்பமும் பட்டாணியும் பரிமாறினாள். மோரிஸ் விளக்குக்கு முன்னால் தன் நாற்காலியில் உட்கார்ந்து பட்டாணியை இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்கு நகர்த்திக்கொண்டிருந்தார். ஓடிப் போய்விடலாமா என்றுகூட இருந்தது.

திரையில் டாம்சினின் முகம் வந்தது. ஓரத்தில் ஒரு தோள். குரல் மட்டும் மோரிஸுடையது.

"மூஞ்சி எப்ப வரும்?" என்றாள் பிரெண்டா.

"இரு, இப்ப வரும்" என்றாள் டாட்.

வரவில்லை. டாம்சின் அழுதாள், தோள் ஏறிக் குலுங்கியது, அடுத்த காட்சியில் ஒரு கார் மலைப் பாதையில் போய்க்கொண்டிருந்தது.

"அவ்வளவுதானா?" பிரெண்டா நிமிர்ந்து உட்கார்ந்தாள். "முதுகுதானே காமிச்சான்! இதுக்கா நான் கடைய..." மோரிஸின் முகத்தைப் பார்த்தவள் சட்டென்று நிறுத்தினாள். "இல்ல கண்ணு, நல்ல முதுகு. ரொம்ப நல்ல முதுகு." தட்டுகளை எடுத்துக்கொண்டு சமையலறைக்குள் போய்விட்டாள்.

டாட் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "நீ அழுதிருக்க" என்றாள்.

மோரிஸ் ரிமோட்டை எடுத்துச் சத்தத்தைக் குறைத்தார்.

"அந்தத் தோள எனக்குத் தெரியாதா? அவ பக்கம் காமிரா இருக்கும்போது அழுதிருக்க. எல்லாத்தயும் கொட்டியிருக்க. உன் முறை வரவே இல்ல. அதான?"

"அந்தப் பொண்ணுக்கு வரல டாட்."

"அதுக்கு?"

"பாவமா இருந்துச்சு."

அவள் எழுந்து வந்து அவருக்கு நேர் எதிரே நின்றாள். திட்டப் போகிறாள் என்றுதான் மோரிஸ் நினைத்தார். "பைத்தியக்காரா" என்றாள், குரல் உடைந்தது. குனிந்து அவருடைய இடது தோளில் கையை வைத்தாள். அந்தக் கைக்குக் கீழே தோள் தானாக ஓரங்குலம் இறங்கிக் கொடுக்க, பின்னாலிருந்த விளக்கின் வெளிச்சம் டாட்டின் நனைந்த முகத்தில் முழுசாக விழுந்தது.