சாமி மாடு இழுத்துப் போன பாவு

எங்கள் அத்தையின் முகூர்த்தப் புடவை தறியில் ஏறுவதற்கு முன்பே ஊர்வலம் போய்விட்டு வந்தது. இதைச் சொன்னால் என் பேரப்பிள்ளைகள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். அன்றைக்கு அந்தப் பட்டைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஊர் எல்லையைத் தாண்டி நடந்தவர்களில் இன்றைக்கு மிச்சம் நான் ஒருத்திதான். ஆகவே நான் சொல்வதுதான் கதை, மறுத்துப் பேச ஆள் இல்லை.

எனக்கு அப்போது ஒன்பது வயது இருக்கும். காஞ்சிபுரத்தில் மோட்டார் பஸ் ஓட ஆரம்பித்திருந்த புதிது. பிள்ளையார்பாளையத்தில் எங்கள் வீடு. வீடு என்று மரியாதைக்குச் சொல்கிறேன். முன்கட்டு முழுவதும் தறி, தறி போக மீதி இருந்த இடத்தில் நாங்கள். அப்பாவும் சித்தப்பாவும் நெய்தார்கள். அப்பாவின் தங்கையான அத்தை நூல் சுற்றினாள், இழை பிரித்தாள், கஞ்சி காய்ச்சினாள். அத்தைக்குப் பதினைந்து வயது. சின்னப் பெண்ணாக இருந்தபோது மரம் ஏறுவதில் சித்தப்பாவையே தோற்கடித்தவளாம். பெரியவளானதும் எல்லாம் நின்று போயிற்று. எப்போதாவது கோயிலுக்குப் போவாள், அதுவும் அம்மாவின் முதுகைப் பார்த்துக்கொண்டே போய் அம்மாவின் முதுகைப் பார்த்துக்கொண்டே திரும்பி வருவாள். மற்றபடி அவளுக்கு உலகம் என்பது தறியும் கிணற்றடியும்தான்.

பாவு விரிக்கிற நாள் மட்டும் விதிவிலக்கு. பாவு என்றால் புடவையின் நீளவாட்டு இழைகள் மொத்தமும். அதை வீட்டுக்குள் விரிக்க முடியாது, அவ்வளவு நீளம். விடிந்ததும் தெருவிலே இரண்டு முனையிலும் கம்பம் நட்டு, ஐந்தாறு வீட்டு நீளத்துக்கு இழுத்துக் கட்டி, அரிசிக் கஞ்சி தடவி, இளவெயிலில் காயவிட வேண்டும். அதற்கு வீட்டில் இருக்கிற கைகள் அத்தனையும் தேவை. அதனால் அன்றைக்கு ஒருநாள் அத்தையும் தெருவில் இறங்கலாம், வெயில் ஏறுவதற்குள் உள்ளே ஓடிவிட வேண்டும்.

ஆவணியில் அத்தைக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. மாப்பிள்ளை வீடு நாலு தெரு தள்ளி. அங்கேயும் தறிதான், முன்கட்டும் எங்கள் வீடு மாதிரியேதான். அப்பா அதுவரை ஊரிலிருக்கிற கல்யாணப் பெண்களுக்கெல்லாம் நெய்திருக்கிறாரே தவிர, சொந்த வீட்டுக்கென்று ஒரு முழம் நெய்தது கிடையாது. இந்தத் தடவை தங்கைக்குத் தன் கையால் அரக்குப் பட்டு நெய்வது என்று முடிவு பண்ணி, எங்கெங்கோ அலைந்து நூலைச் சேர்த்துச் சாயம் போட்டு வைத்திருந்தார். அது கெட்டுப்போனால் இன்னொரு தடவை வாங்க வழியே இல்லை. அந்தப் பாவை விரித்த காலையில் அவர் எங்களையெல்லாம் உரக்க மூச்சுவிடக்கூட விடவில்லை.

இனி மாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். பக்கத்துக் கிராமமான கூரத்தில் யாரோ கன்றுக்குட்டியாக இருக்கும்போதே சிவனுக்கு நேர்ந்துவிட்ட காளை அது. தொடையில் சூலம் போட்டிருக்கும், நெற்றியில் யாராவது திருநீறு பூசியிருப்பார்கள். எந்தக் கடையில் வாயை வைத்தாலும் கேட்க ஆள் கிடையாது. சாமி மாட்டை அடித்தால் பாவம், விரட்டினால் அதைவிடப் பாவம். கொம்புப் பக்கம் போனால் மூச்சை விடுகிற விதத்திலேயே ஆள் பத்தடி தள்ளி நிற்பான். ஆனால் அந்த மாட்டைப் பற்றி எனக்கு மட்டும் ஒரு ரகசியம் தெரியும். மத்தியானம் ஆண்கள் கண்ணயர்ந்ததும் அத்தை புழக்கடைக் கதவைத் திறந்து, நாக்கைத் தட்டி, “வா ராசா, வா” என்பாள். அது எங்கிருந்தாலும் வரும். மிஞ்சின கஞ்சியைக் குடித்துவிட்டு, தாடையை அவள் தோளில் வைத்துக்கொண்டு நிற்கும், அந்த ராட்சச மாடு! யாரிடமும் சொல்லாதிருக்க எனக்கு அவ்வப்போது வெல்லம் கிடைத்தது.

அன்று கஞ்சி வாசனை அதை முன்வாசல் பக்கமே இழுத்து வந்துவிட்டது.

ஒருவரும் பார்க்கவில்லை. அப்பா இழைகளை நீவிக்கொண்டிருந்தார். மாடு கம்பத்தருகே பாவுக்குக் கீழே தலையை நுழைத்து, பட்டில் இருந்த கஞ்சியை ஒரு நக்கு நக்கிவிட்டு நிமிர்ந்தது. இழைகளைக் கோத்து முனையில் கட்டியிருந்த கழி கம்பத்திலிருந்து எகிறி, பட்டு அப்படியே அதன் இரண்டு கொம்பிலும் சுற்றிக்கொண்டது. அம்மா “ஐயையோ!” என்று போட்ட சத்தத்தில் மாடு திடுக்கிட்டு நடக்க ஆரம்பித்துவிட்டது.

“இழுக்காதீங்க! இழுத்தா அறுந்துடும்! தூக்கிப் புடிச்சுக்கினு அது கூடவே நடங்க!” என்று அப்பா கத்தினார்.

எல்லோரும் தூக்கினோம். கொம்புக்குப் பக்கத்தில் அப்பா, அப்புறம் சித்தப்பா, நடுவில் சத்தம் கேட்டு ஓடிவந்த அக்கம்பக்கத்து ஆண்கள். கம்பத்திலிருந்து அவிழ்த்த கடைசி முனைக் கழி அத்தை கையில் இருந்தது. அந்தக் கழி கீழே விழுந்தால் இழை முழுக்கச் சிக்கல்தான், பிறகு சாமியே வந்தாலும் பிரிக்க முடியாது. ஆகையால் அவளை நில் என்று சொல்ல யாராலும் முடியவில்லை. நான் கழியின் மறுகோடியைப் பிடித்துக்கொண்டேன். கைக்குழந்தையை இடுப்பில் வைத்திருந்த அம்மா மட்டும் வாசலிலேயே நின்றுவிட்டாள். முன்னால் மாடு, பின்னால் சிவப்புப் பட்டு, அதன் கீழே நாங்கள். இப்படித்தான் கிளம்பிற்று ஊர்வலம்.

எனக்கோ தலைகால் புரியவில்லை, அவ்வளவு குஷி! கடைத்தெருவில் எங்களைப் பார்த்தவர்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். ஒரு பூக்காரக் கிழவி சித்தப்பாவின் கையைப் பிடித்து நிறுத்தப் பார்த்தாள்.

“இன்னா உற்சவம்பா இன்னிக்கு?”

“எங்க வூட்டு உற்சவம். ஒதுங்கிக்கோ ஆயா, உனுக்குப் புண்ணியமாப் போவும்!”

ஒரு கடைக்காரர் கற்பூரம் ஏற்றித் தட்டோடு குறுக்கே வந்தார். மாடு தட்டிலிருந்த வாழைப்பழத்தைத் தோலோடு தின்றது. நிற்காமலே தின்றது, அதுதான் எங்கள் வயிற்றெரிச்சல். ஒரு நிமிஷம் நின்றிருந்தாலும் அப்பா கொம்பிலிருந்து பட்டை எடுத்திருப்பார். கை நீட்டினால் அது தலையை ஒரு ஆட்டு ஆட்டும், நாலைந்து இழை பட்டென்று அறும், அப்பா கையை எடுத்துக்கொள்வார்.

ஊரைத் தாண்டினோம். “இது கூரத்து மாடுபா. பொறந்த வூட்டுக்குப் போவுது” என்றார் பக்கத்து வீட்டுக்காரர். அப்போதுதான் எதிரே புழுதியைக் கிளப்பிக்கொண்டு வந்தது மோட்டார் பஸ். பாம், பாம் என்று ஊதுகுழலை அமுக்கினான் டிரைவர். மாட்டின் காது நிமிர்ந்தது, வால் தூக்கிக்கொண்டது. அது ஓட ஆரம்பித்தால் தீர்ந்தது! தன் கைப்பிடியைப் பக்கத்து ஆளிடம் தள்ளிவிட்டுச் சித்தப்பா ஒரே ஓட்டமாக ஓடி, இரண்டு கையையும் விரித்துக்கொண்டு பஸ்ஸுக்கு முன்னால் நின்றார்.

“சாவறதுக்கு என் வண்டிதான் கெடச்சுதாயா?” என்று டிரைவர் எட்டிப் பார்த்தவன், பின்னால் வருகிற பட்டைப் பார்த்ததும் வாயை மூடிக்கொண்டான். பஸ்ஸில் இருந்தவர்கள் இறங்கினார்கள். பாவு பஸ்ஸில் உரசாதபடி ஆளுக்கொரு கை கொடுத்து, தலைக்கு மேலே தூக்கி, கைமாற்றி கைமாற்றி அந்தப் பக்கம் விட்டார்கள். ஒரு இழை அறவில்லை. டிரைவரும் இறங்கி வந்து பிடித்தான், அவனுக்குத்தான் எங்களைவிட உற்சாகம்.

அதற்கப்புறம் வயல். ஆண்கள் எல்லாரும் முன்னால் மாட்டையே பார்த்துக்கொண்டு நடந்தார்கள். கடைசியில் நானும் அத்தையும். தெருவில் கிளம்பும்போது நெஞ்சில் முட்டுகிற மாதிரி குனிந்திருந்த அவள் தலை, கடைத்தெரு தாண்டியதும் கொஞ்சம் நிமிர்ந்தது. பஸ் தாண்டியதும் நன்றாகவே நிமிர்ந்துவிட்டது. பனைமரத்தில் தொங்கின தூக்கணாங்குருவிக் கூட்டைக் காட்டினாள். வாய்க்காலைத் தாண்டும்போது கழியை விடாமலே ஒரு குதி குதித்தாள். சேறு தெறித்து என் முகமெல்லாம் அப்பிக்கொண்டதைப் பார்த்துப் பல் தெரியச் சிரித்தாள். அத்தைக்கு அத்தனை பல் இருப்பதே எனக்கு அன்றுதான் தெரியும்.

எனக்குச் சட்டென்று ரகசியம் நினைவுக்கு வந்தது. “அத்தே, நீ கூப்புடேன்! நீ கூப்ட்டா நின்னுடுமே!” என்றேன்.

அவள் முன்னால் யாராவது திரும்புகிறார்களா என்று பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்து, வேண்டாம் என்று தலையை மட்டும் அசைத்தாள். எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. அத்தை விளையாடுகிறாள்! எல்லாரும் தவித்து ஓய்ந்த பிறகு கடைசியில் வித்தையைக் காட்டப் போகிறாள்! நானும் பெரிய மனுஷி மாதிரி வாயை இறுக மூடிக்கொண்டேன்.

கூரத்துக்குப் போகிற பாதையில் ஒரு ஏரி. அந்த வருஷம் முன்கூட்டியே மழை பெய்து கரைவரைக்கும் தண்ணீர். நாங்கள் கரைமேல் ஏறியதும் காற்று வந்து பட்டைத் தூக்கிற்று. அவ்வளவு தண்ணீரை நான் பார்த்ததில்லை. அத்தையும் பார்த்ததில்லை. அவள் வாயைத் திறந்தபடி நின்றே போனாள், நான்தான் கழியைப் பிடித்து இழுத்தேன். தண்ணீரின் நடுவிலிருந்து ஒரு கூட்டம் கொக்கு ஒன்றாகக் கிளம்பிற்று. “யம்மா!” என்றாள் அத்தை, அவ்வளவுதான்.

மாட்டுக்கு வெயில் தாங்கவில்லை போலிருக்கிறது. பாதையை விட்டுவிட்டுச் சரிவில் தண்ணீரைப் பார்த்து இறங்க ஆரம்பித்தது. இறங்கிப் படுத்துவிட்டால் பட்டு சேற்றோடு சேறு. அப்பா அதன் முன்னால் போய் நின்றார். அது கொம்பை ஆட்டிற்று, அவர் வழுக்கி விழுந்தார். விழுந்தும் பட்டை விடவில்லை. “தண்ணியில எறங்குதேடா! எந்தங்கச்சி பொடவைடா!” என்றார் சித்தப்பாவைப் பார்த்து. அப்பா அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

அத்தையின் முகத்திலிருந்த சிரிப்பு போய்விட்டது. கழியை முழுக்க என் கையில் கொடுத்தாள்.

“விடாத கண்ணு.”

பிறகு நாக்கைத் தட்டினாள். “வா ராசா, வா!”

மாடு நின்றது. முன்னங்கால்கள் தண்ணீரில் இருந்தபடியே நின்று, திரும்பிப் பார்த்தது. அத்தை புடவையை முழங்காலுக்குத் தூக்கிச் செருகிக்கொண்டு, அத்தனை ஆண்களையும் தாண்டி, பாவின் ஓரமாகவே ஓடினாள். என்ன ஓட்டம்! நான் இரண்டு கையாலும் கழியைப் பிடித்துக்கொண்டு, உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றேன். அவள் போய் அதன் கழுத்துத் தொங்கலைச் சொறிந்தாள். மாடு தாடையைத் தூக்கி அவள் தோளில் வைத்தது. ஒவ்வொரு சுற்றாகக் கொம்பிலிருந்து பட்டை எடுத்து அப்பா கையில் கொடுத்தாள்.

“உனுக்கு எப்படிம்மா இது...” என்று அப்பா ஆரம்பித்தார்.

“கஞ்சி ஊத்துவேண்ணா,” என்றாள் அத்தை. தலை மறுபடியும் குனிந்திருந்தது.

சித்தப்பா பாவைச் சுருட்டினார். அறுந்த இழைகளை முடிந்துவிடலாம், ஒன்றும் மோசமில்லை என்று அப்பா முகம் மலர்ந்து சொன்னார். ஊருக்குப் போகிற வைக்கோல் வண்டி ஒன்று கிடைத்தது. ஏறும்போது அத்தை, “கால நனைச்சுக்கினு வரேண்ணா,” என்று கேட்டுக்கொண்டு ஏரியில் இறங்கினாள். கணுக்கால் அளவு, அப்புறம் முழங்கால் அளவு. “போதும்மா, ஏறு,” என்று அப்பா இரண்டு தடவை கூப்பிட்ட பிறகுதான் வந்தாள்.

புடவை அருமையாக வந்தது. முடிச்சுப் போட்ட இடம் தேடினாலும் தெரியாது. ஆவணியில் கல்யாணம் நடந்து அத்தை நாலு தெரு தள்ளிப் போனாள். அங்கே தறிக்குப் பின்னால் இருந்துகொண்டு ஆறு பிள்ளை பெற்றாள். அந்த ஏரியை அவள் மறுபடியும் பார்த்ததாக எனக்குத் தெரியாது.

ஆனால் நான் சொல்ல நினைத்தது வண்டியில் நடந்ததை. ஆண்கள் முன்னால் உட்கார்ந்து பஸ்ஸை நிறுத்தின பெருமையைப் பேசிக்கொண்டு வந்தார்கள். அத்தை பின்பக்கமாகக் காலைத் தொங்கவிட்டு, ஏரி இருந்த திசையையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் அவள் மடியில் சாய்ந்துகொண்டு, யாருக்கும் கேட்காமல் கேட்டேன்.

“அத்தே, நம்ம தெருவுலயே நீ கூப்ட்டிருக்கலாம்ல?”

“கூப்ட்டிருந்தா அங்கியே நின்னுட்டிருக்கும் கண்ணு.”

அதைத்தானே நானும் சொல்கிறேன்! நின்றிருந்தால் அப்பா விழுந்திருக்க மாட்டார், இழை அறுந்திருக்காது, வெயிலில் இத்தனை தூரம் நடந்திருக்க வேண்டாம். நான் கேட்ட கேள்வியையே திருப்பி எனக்குப் பதிலாகச் சொல்கிறாளே, இந்த அத்தைக்குக் கொஞ்சம்கூட விவரம் பத்தாது என்று எனக்கு ஒரே எரிச்சல். அந்த எரிச்சலோடேயே வைக்கோலில் தூங்கிப்போனேன்.