பஞ்சுக்குள் முள்

எங்கள் நைனாவின் வலது கை ஒரு கடல்பஞ்சால் போனது என்று சொன்னால் யாரும் நம்புவதில்லை. சுறா கடித்தது என்றால் நம்புவார்கள். படகு மோட்டாரில் சிக்கியது என்றால் ‘ஐயோ பாவம்’ என்பார்கள். பஞ்சு என்றதும் உதட்டோரம் ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்துவிடும். பார்க்கட்டும். முதல் நாள் நைனாவே அப்படித்தான் சிரித்தார்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. பழவேற்காட்டு ஏரிக்கும் கடலுக்கும் நடுவில் நீளமாகக் கிடக்கும் மணல்திட்டில் எங்கள் குப்பம். வீட்டில் நைனா, அம்மா, நான், அப்புறம் அத்தை. அத்தை நைனாவுக்கு மூத்தவள். தாயில்லாத தம்பியை இடுப்பில் தூக்கி வளர்த்தவள். கல்யாணமாகிப் போன இடத்தில் சரிப்படாமல் திரும்பி வந்து தம்பி வீட்டிலேயே தங்கிவிட்டாள். எனக்குத் தகப்பனான பிறகும் நைனா அவளுக்கு இடுப்புப் பிள்ளைதான். மீனில் முள்ளை எடுத்துவிட்டுத்தான் தம்பி தட்டில் வைப்பாள். அம்மா அதைப் பார்த்துக்கொண்டே பாத்திரங்களைக் கொஞ்சம் சத்தமாக வைப்பாள்.

ஊரில் அத்தைக்கு ஒரு மரியாதை இருந்தது. தண்ணீரில் குடை மாதிரி மிதந்து வருமே ஜெல்லி மீன், அதை நாங்கள் சொறி என்போம். சொறி பட்டவர்கள் நேராக எங்கள் வீட்டுக்குத்தான் ஓடி வருவார்கள். அத்தை சட்டியில் மணலை வறுத்து, சூடு பொறுக்கிற அளவுக்கு ஆறவிட்டு, பட்ட இடத்தில் போட்டு அழுத்தித் தேய்ப்பாள். எரிச்சல் நின்றுவிடும். மணலால் நின்றதா, தானாகவே நிற்கிற நேரம் வந்து நின்றதா என்று அந்தக் காலத்தில் யாரும் கேட்டதில்லை. நானும் அத்தையின் தம்பி மகள் என்ற பெருமையில் கூட்டத்துக்கு முன்னால் போய் நின்றுகொள்வேன்.

எங்கள் பக்கம் ஏரியில் நினைத்தவர் நினைத்த இடத்தில் வலை கட்ட முடியாது. இறால் அதிகமாக ஓடுகிற நல்ல இடங்களுக்குப் பாடு என்று பெயர். எந்த நாளில் எந்த வீட்டுக்குப் பாடு என்று ஊர் முறை வைத்திருக்கிறது. முறை வந்த அன்று அந்த வீட்டு ஆண் தண்ணீரில் இறங்கியாக வேண்டும். இறங்காவிட்டால் பாடு அடுத்த வீட்டுக்குப் போய்விடும். திரும்பச் சுற்றி வர மாதக்கணக்கில் ஆகும். தொடர்ந்து இறங்காதவன் பேரையே எடுத்துவிடுவார்கள். பெண்கள் இறங்கினால் அது கணக்கில் சேராது. எங்கள் வீட்டில் ஆண்பிள்ளை இல்லை. ஆகவே ஏரியில் எங்களுக்கு இருந்த பங்கு நைனாவின் இரண்டு கைகள்தான்.

பாடு வருவதற்கு முன்னதாகவே போய், வலை கட்டும் இடத்தைத் துழாவிப் பார்த்துவிட்டு வருவது வழக்கம். அந்தத் தடவை எங்கள் முறைக்கு வந்தது முகத்துவாரத்தை ஒட்டிய பாடு. கடல் தண்ணீர் வந்து போகிற இடம். யாரோ எப்போதோ நட்டு, முறிந்துபோன ஒரு சவுக்குக் கம்பு அடியில் நின்றிருக்கிறது. அதன் மேல் முழுக்கக் கடல்பஞ்சு ஒட்டி வளர்ந்திருக்கிறது. அப்படியே விட்டால் வலை சிக்கிக் கிழியும். கத்தி படகில் இருந்தது. பஞ்சுக்குப் போய்க் கத்தி எதற்கு என்று நைனா மூழ்கி, வெறுங்கையால் பிய்த்திருக்கிறார்.

அன்று சாயங்காலம் கையில் துண்டைச் சுற்றிக்கொண்டு வந்து வாசலில் உட்கார்ந்தார்.

“பஞ்சு தானேனு கைய வெச்சேன்க்கா. பேமானி, கம்ப உட்டு வரவே மாட்டேங்குது. நாலு வாய் உப்புத் தண்ணி குடிச்சது தான் மிச்சம்” என்று சிரித்தார்.

அத்தை துண்டைப் பிரித்தாள். “இன்னாடா இப்டி செவந்து கீது?”

“அரிக்குது. உள்ளுக்குள்ள எரியுது. கண்ணுக்கு ஒண்ணும் தெரில.”

அம்மா தயங்கித் தயங்கித்தான் சொன்னாள். “ஒரு எட்டு அக்கரைக்குப் போயி டாக்டராண்ட காட்டிட்டு வந்துர்லாமே, அண்ணி?”

“இன்னாத்த காட்றது? பஞ்சு கடிச்சிடுச்சுனா? கெக்கேபிக்கேனு சிரிப்பாங்க. சொறி பட்டா இன்னா பண்றமோ அதே தான் இதுக்கும். பாடு வருது, கை வோணாமா அவனுக்கு?” என்று சொல்லிக்கொண்டே அத்தை அடுப்பில் சட்டியை ஏற்றிவிட்டாள்.

அந்தக் கை வேண்டும் என்பதற்காகத்தான் அவள் அவ்வளவும் செய்தாள். மணலை வறுத்தாள். நைனாவின் உள்ளங்கையிலும் விரல் இடுக்கிலும் போட்டு, தன் பலத்தையெல்லாம் கூட்டித் தேய்த்தாள். நைனா துள்ளினார். காலால் தரையை உதைத்தார். “கத்துடா, நல்லா கத்து. வெஷம் எறங்குது” என்றாள் அத்தை. அவள் கண்ணிலிருந்தும் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது, தோளில் துடைத்துக்கொண்டு மறுபடி தேய்த்தாள். மாரில் முடி வளர்ந்த ஆம்பளை சின்னப் பிள்ளை மாதிரி துள்ளுகிறாரே என்று எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அம்மா என் முதுகில் ஒன்று வைத்தாள்.

பல வருஷங்கள் கழித்துக் கல்லூரியில் விலங்கியல் படிக்கும்போதுதான் அந்தப் பஞ்சை நான் சரியாகப் பார்த்தேன். மேடம் ஒரு துணுக்கை பிளீச்சிங் தண்ணீரில் போட்டார்கள். சதை கரைந்து போனது. மிஞ்சியதைக் கண்ணாடித் தகட்டில் எடுத்து மைக்ராஸ்கோப்பில் வைத்தார்கள். குனிந்து பார்த்தால் ஊசி, ஊசி, எங்கே பார்த்தாலும் ஊசி. இரண்டு முனையும் கூரானது, கொக்கி போட்டது, மூன்று முள்ளாகப் பிரிந்தது என்று குவிந்து கிடந்தது.

இந்தப் பிராணிக்கு எலும்பில்லை, ரத்தமில்லை, நரம்பில்லை, ஓடத் தெரியாது, கடிக்க வாயும் கிடையாது என்றார்கள் மேடம். இருப்பதெல்லாம் உயிரணுக்கள். அவை வேலையைப் பிரித்து வைத்துக்கொண்டிருக்கின்றன. அடிப்பக்கம் தட்டையாகப் படர்ந்திருக்கும் அணுக்கள் பசை போன்ற ஒரு நாரைச் சுரந்து, கல்லோ கம்போ, கிடைத்த இடத்தோடு உடம்பை ஒட்டவைக்கின்றன. எந்த வெள்ளம் இழுத்தாலும் அது வராது. உள்ளே வேறு வகை அணுக்கள் இருக்கின்றன. கடல் தண்ணீரில் கரைந்திருக்கும் மணல்சத்தை உறிஞ்சி, கண்ணாடி ஊசிகளை வார்ப்பதுதான் அவற்றுக்கு வேலை. உடம்பு சரியாமல் நிற்க அந்த ஊசிதான் தூண். தின்ன வருகிறவன் வாயில் குத்துவதும் அதே ஊசிதான். பஞ்சுக்கு யார் மேலும் கோபம் கிடையாது, பாவம். தொட்டவன் கையில் ஊசியை முறித்துவிட்டு அது பாட்டுக்கு இருந்துவிடும்.

“கையில ஏறிட்டா என்ன பண்ணணும் மேடம்?” என்று கேட்டேன்.

“தேய்க்கவே கூடாது. தேய்ச்சா உள்ள போயிடும். ஒட்டுற டேப்பை மேல அழுத்தி ஒட்டி, மெதுவா உரிச்சா பெரும்பாலும் அதோட வந்துடும். அப்புறம் டாக்டர்கிட்ட போகணும்.”

டேப் எங்கள் வீட்டில் இருந்தது. என் நோட்டுகளுக்கு அட்டை போட நைனாதான் வாங்கி வந்திருந்தார். அத்தை மணல் வறுத்த அடுப்புக்கு மேலே, பலகையில், தீப்பெட்டிக்குப் பக்கத்தில் கிடந்தது. நான் மைக்ராஸ்கோப்பிலிருந்து கண்ணை எடுக்காமல் குனிந்தபடியே நின்றேன். அழுவது பக்கத்தில் நின்றவளுக்குத் தெரிய வேண்டாம் என்றுதான். இந்த டேப் விஷயத்தை அத்தையிடம் நான் சொன்னதில்லை. அவள் சாகும்வரை சொல்லவும் மாட்டேன்.

அத்தை மணல் தேய்த்த மறுநாள் நைனாவின் கை பூரி மாதிரி உப்பிவிட்டது. விஷம் மேலே ஏறுகிறது, கீழே இறக்க வேண்டும் என்று அத்தை முழங்கையிலிருந்து விரல்நுனி வரைக்கும் தேய்த்தாள். இந்தத் தடவை தோல் வழன்றுகொண்டு வந்தது. நைனா கத்தவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு கூரையைப் பார்த்தபடி கிடந்தார். எனக்கும் இந்த முறை சிரிப்பு வரவில்லை.

பாடு வந்த அன்று காலையில் அவர் கையில் துணியைச் சுற்றி, மேலே பிளாஸ்டிக் பையைக் கட்டிக்கொண்டு கிளம்பினார். அம்மா வாசலை மறித்து நின்றாள்.

“இந்த ஒரு தபா போவாதய்யா. உன் கால்ல வோணா விய்றேன்.”

“போவலன்னா யாரு எறங்குறது? நமக்கு இன்னா புள்ளையா கீறான்?”

சொன்ன பிறகுதான் நான் அங்கே நிற்பதைப் பார்த்தார். முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. இடது கையால் என் கன்னத்தைத் தட்டி, “நீ புள்ள தான்டா. அவனுங்க தான் உன்ன தண்ணில எறங்க உடமாட்டானுங்க” என்றார். நான் அதை நம்பி ரொம்ப சந்தோஷப்பட்டேன்.

பிளாஸ்டிக் பை ஏரித் தண்ணீருக்கு எம்மாத்திரம்? இறங்கிய கொஞ்ச நேரத்தில் உள்ளே தண்ணீர் புகுந்துவிட்டதாம். வலையை இடது கையாலும் பல்லாலும் இழுத்துக் கட்டியிருக்கிறார். அன்றைக்குப் பார்த்து நல்ல இறால். ஊரே பேசிக்கொண்டது. அவர் வீட்டுக்கு வந்து படுத்தவர், போர்வை போர்வையாகப் போட்டும் நடுங்கிக்கொண்டே இருந்தார். மறுநாள் கையிலிருந்து தோள் பக்கமாக ஒரு சிவப்புக் கோடு ஏறியிருந்தது. விரல்கள் கறுத்திருந்தன. துணியைப் பிரித்ததும் வந்த நாற்றத்தில் அம்மா வெளியே ஓடிப்போய் வாந்தி எடுத்தாள்.

படகில் அக்கரை, அங்கிருந்து ஆட்டோவில் பொன்னேரி, அங்கிருந்து ஆம்புலன்ஸில் மெட்ராஸ். என்னை விட்டுவிட்டுப் போக வீட்டில் ஆளில்லை, கூடவே தூக்கிக்கொண்டு போனார்கள். நைனாவுக்குச் சர்க்கரை இருக்கிறது என்பதே ஆஸ்பத்திரியில் ரத்தம் எடுத்துப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. அதுவரைக்கும் அவர் அடிக்கடி தண்ணீர் குடிப்பதை உப்புக்காற்றின் தாகம் என்று நினைத்திருந்தோம்.

அதற்குப் பிறகு என்ன ஆனது என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். மணிக்கட்டுக்கு மேலே கையை எடுத்தார்கள். பாடு முறையிலிருந்து எங்கள் வீட்டுப் பேர் போனது. அம்மா கூடை தூக்கினாள், ஆரம்பாக்கம் வரைக்கும் பஸ்ஸில் மீன் கொண்டுபோய் விற்று என்னைப் படிக்க வைத்தாள். அத்தை இன்னும் இருக்கிறாள். நைனாவுக்கு இடது கை நன்றாகப் பழகிவிட்டது, ஆனாலும் அவள்தான் சோற்றைப் பிசைந்து உருட்டிக் கொடுக்கிறாள். அவரும் வேண்டாம் என்று சொல்வதில்லை. சொறி பட்டவர்கள் யாராவது பழைய நினைப்பில் வந்தால், “எனக்கு ஒண்ணும் தெரியாது, டாக்டராண்ட போ” என்று கதவைச் சாத்திவிடுகிறாள். ரொம்ப நாள் வரைக்கும் நான் அவளுக்குத் திமிர் பிடித்துவிட்டது என்றே எண்ணியிருந்தேன்.

கையை எடுப்பதற்கு முன்னால் ஒரு டாக்டரம்மா கட்டிலுக்கு வந்தாள். சின்ன வயசு. நைனாவின் தலைமாட்டில், இடது பக்கம் நான் நின்றுகொண்டிருந்தேன். அம்மா சுவரோரம். அத்தை கால்மாட்டில் கஞ்சித் தூக்கைப் பிடித்தபடி.

டாக்டரம்மா கையைப் புரட்டிப் பார்த்துவிட்டுக் கோபமாகக் கேட்டாள். “தோலை யாரு இப்படி உரிச்சது? என்ன போட்டீங்க இதுல? மணலா?”

அம்மா அத்தையைப் பார்த்தாள்.

“கேக்குறேன்ல? முள்ளெல்லாம் தேய்ச்சுத் தேய்ச்சு உள்ள இறக்கியிருக்கீங்க. புண்ணுல ஏரித் தண்ணி வேற. இந்தத் தேய்ப்பு தேய்க்காம அன்னிக்கே கூட்டிட்டு வந்திருந்தா கையை எடுக்க வேண்டியே இருந்திருக்காது. யாரு தேய்ச்சது?”

“நான் தாம்மா” என்றார் நைனா. காய்ச்சலில் குரல் கரகரத்தது. “அரிப்பு தாங்கல. நானே தான் மணல போட்டு தேச்சிக்கினேன். வூட்ல வேணாம் வேணாம்னு தான் சொன்னாங்க. எங்க அக்கா கூட திட்டுச்சு. நான் தான் கேக்கல.”

“உங்க கையை நீங்களே கெடுத்துக்கிட்டீங்க.”

“ஆமாம்மா. என் தப்பு தான்.”

அத்தை தூக்கைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு கையையும் முந்தானைக்குள் மறைத்துக்கொண்டாள். கஞ்சி ரொம்பச் சூடாக இருக்கிறது போல, கை சுடுகிறது போல என்று நினைத்தேன். அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். எனக்கு ஒரே ஆச்சரியமாக இருந்தது. காய்ச்சலில் நைனாதான் மறந்துவிட்டார் என்றால், பெரியவர்கள் இரண்டு பேரும் எப்படி மறந்தார்கள்? நான்தான் எல்லாவற்றையும் பக்கத்திலிருந்து பார்த்தவளாயிற்றே. சரியாகச் சொல்லிவிடலாம் என்று, “டாக்டர்...” என்று ஆரம்பித்தேன்.

நைனா இடது கையால் என் மணிக்கட்டைப் பிடித்தார். எலும்பு நொறுங்கிவிடும்போல அப்படி ஒரு அழுத்தம். வலி தாங்க முடியாமல்தான் என்னைப் பிடித்துக்கொள்கிறார் என்று நினைத்தேன். சொல்ல வந்ததை விட்டுவிட்டு, என் இன்னொரு கையை அவர் கை மேல் வைத்து, “அழாத நைனா, செரியா பூடும்” என்றேன். டாக்டரம்மா எதையோ எழுதிவிட்டு அடுத்த கட்டிலுக்கு நகர்ந்தாள். அப்போதுதான் அவர் விரல்கள் தளர்ந்தன. வலி குறைந்துவிட்டது என்று எனக்கு அவ்வளவு நிம்மதி.