மூன்றை அழுத்தினால் சம்பந்தி வீடு

ஒரு காலத்தில் ஆலையின் அறுபது தறிகளின் எண்களும் கண்ணையனுக்கு மனப்பாடம். ஆலை மூடியபின், 2006-இல், அவருடைய சட்டைப்பையில் ஒரு செல்போன் குடியேறியது; அன்றோடு நினைவாற்றலுக்கு ஓய்வு கொடுத்துவிட்டார். கூடத்தில் அமர்ந்தபடியே அடுக்களையிலிருக்கும் மனைவிக்குப் போன் செய்து காபி கேட்பார். இரண்டை அழுத்திப் பிடித்தால் மனைவி. மூன்றை அழுத்திப் பிடித்தால் மூலக்குளத்துச் சம்பந்தி வீடு. உலகமே ஒன்பது பொத்தான்களுக்குள் அடங்கிவிட்டதில் அவருக்குப் பெருமை தாங்கவில்லை.

மகள் பிரசவத்துக்காகக் கோரிமேட்டு ஆஸ்பத்திரியில் சேர்ந்தபோது, சம்பந்தியம்மாள் செல்வாம்பாள் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்: "மொத சேதி எங்க வூட்டுக்குத்தான் வரணும், சம்பந்தி. அதுவும் உங்க வாயால. அதுவரைக்கும் நான் பச்சத்தண்ணி குடிக்க மாட்டேன்."

மறுநாள் பதினொன்றரை மணிக்குப் பெண் குழந்தை பிறந்தது. மனைவி உள்ளே மகளோடு இருந்தாள். வெளியே கண்ணையன் துள்ளியெழுந்து மூன்றை அழுத்தினார். திரை இருண்டு கிடந்தது. விடிந்ததிலிருந்து அதில் பாம்பு விளையாட்டு ஆடியே பேட்டரியைத் தீர்த்திருந்தார்.

வாசலில் அஞ்சலாட்சியின் பெட்டிக்கடைக்கு ஓடினார். அங்கிருந்த ஒரு ரூபாய்ப் போனில் காசைப் போட்டு, மூன்றை அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"இன்னாண்ணே, மூணையே அமுக்கிக்கினு நிக்கிறீங்க?"

"மூணுதாம்மா சம்பந்தி வூடு."

"சரி, நம்பரு?"

"அதான் சொல்றேனே, மூணு!"

அஞ்சலாட்சி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "மூலக்குளம் இன்னா சீமையிலயா இருக்குது? தோ பஸ்ஸு நிக்குது, போய்ச் சொல்லுண்ணே!"

அந்த வழியும் உண்டு என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது. பாய்ந்து ஏறினார். இந்திரா சிலை சிக்னலில் பேருந்து நின்றது. எதிரே நின்ற பேருந்தின் சன்னலோரம், காத்திருந்து பொறுக்கமாட்டாமல் புறப்பட்டுவிட்ட செல்வாம்பாள்!

"சம்பந்தியம்மா! பொண்ணு! பொண்ணு பொறந்திருக்குது! ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க!"

இரண்டு பேருந்துகளும் ஒருசேரக் கைதட்டின. நடத்துநர் விசிலை நீளமாக ஊதினார். பக்கத்து இருக்கைக்காரி நீட்டிய தண்ணீரைச் செல்வாம்பாள் ஒரே மூச்சில் குடித்தார்.

"மொத சேதி எனக்குத்தான சொன்னீங்க?"

"உங்களுக்குத்தாம்மா! இந்த ரெண்டு பஸ்ஸுக்கும் சேத்துச் சொல்லிட்டேன்!"

விளக்கு பச்சையானது. செல்வாம்பாள் ஆஸ்பத்திரியை நோக்கிப் போனார். கண்ணையனோ, இறங்க மறந்து சிரித்தபடியே, பூட்டிக்கிடந்த சம்பந்தி வீட்டை நோக்கிப் போய்க்கொண்டிருந்தார்.