ராகு லாங்கன்தாலுக்கு எத்தனை மணிக்கு வருவார்?

யாழ்ப்பாணத்தில் பதினொரு வருடம் கணக்குப் படிப்பித்த தில்லைநாயகிக்கு, சுவிஸ் நாட்டு லாங்கன்தாலில் பீங்கான் தட்டுகளைப் பெட்டிகளில் அடுக்கும் வேலை கிடைத்தது. எல்லோரும் தட்டுகளைப் பத்துப் பத்தாக எண்ணினால் அவள் மட்டும் அறுபது அறுபதாக எண்ணுவாள்.

"ஏனப்பா இந்த வில்லங்கம்?" என்று கேட்டார் அவளுடைய கணவர் யோகராஜா.

"பபிலோன்காரர் அப்பிடித்தான் எண்ணினவை. எங்கட ஆக்களும் நாளுக்கு அறுபது நாழிகை எண்டுதானே வைச்சவை? எனக்கு அது வசதியாக் கிடக்கு."

யோகராஜா ஓர் உணவகத்தில் சட்டி கழுவிக்கொண்டிருந்தார். எண்களோடு அவருக்கு உறவு குறைவு. ராகு காலத்தை மட்டும் வாரத்தின் ஏழு நாளுக்கும் மனப்பாடமாக வைத்திருந்தார். ராகு காலத்தில் சீப்பெடுத்துத் தலைகூட இழுக்கமாட்டார்.

1986 மார்கழியில் அந்தக் கடிதம் வந்தது. இரண்டு வருடமாக எதிர்பார்த்திருந்த அகதி விசாரணை. பன்னிரண்டாம் திகதி, வெள்ளிக்கிழமை, காலை பத்தே முக்காலுக்கு இருவரும் பேர்ன் நகரத்துக்கு வரவேண்டும். வராவிட்டால் விண்ணப்பத்தைக் கைவிட்டதாகக் கொள்ளப்படும் என்று கடைசி வரியில் இருந்தது.

யோகராஜா அந்தக் கடைசி வரிக்கு முன்பே நின்றுவிட்டார். "வெள்ளி பத்தரையில இருந்து பன்னிரண்டு மட்டும் ராகு. நான் வரமாட்டன்."

"வராட்டி எங்களைப் பிளேனில ஏத்திப்போடுவாங்கள்."

"ராகுவில போனாலும் அதுதான் நடக்கும். சூரிச்சில இருக்கிற எங்கட ஊர்ச் சண்முகலிங்கம் அண்ணையும் அதைத்தான் சொல்லுறவர். டேற்றை மாத்திக் கேளும்."

தில்லைநாயகி சண்டை பிடிக்கவில்லை. ராகுவை அவள் நம்பியதுமில்லை, பகைத்ததுமில்லை. அடுப்பை அணைத்துவிட்டு எதிரே வந்து உட்கார்ந்தாள்.

"சரி. ராகு காலம் எண்டால் என்ன? பகலை எட்டாப் பிரிச்சு, வெள்ளியெண்டால் அதில நாலாம் பங்கு. அங்க சூரியன் ஆறுக்கு எழும்பி ஆறுக்குப் படுக்குது. அப்ப பத்தரை சரி. இஞ்ச?"

"இஞ்ச அது எழும்பிறதே இல்லை."

அதிலும் ஞாயம் இருந்தது. அந்த மார்கழியில் லாங்கன்தாலில் மூடுபனியைக் கத்தியால் வெட்டி, சாப்பாட்டுப் பெட்டியில் கட்டிக்கொண்டு போகலாம் போலிருந்தது.

"எகிப்துக்காரர் பகலைப் பன்னிரண்டாப் பிரிச்சவை," என்றாள் அவள். "கோடையில அவையின்ர மணித்தியாலம் நீளும், மாரியில சுருங்கும். ராகுவும் அந்த மாதிரித்தான். பகல் சுருங்கினால் அவரும் சுருங்கவேணும்."

"எகிப்துக்காரர் இப்ப எங்க? எல்லாம் அழிஞ்சு போச்சு."

"ராகு காலத்தாலயோ?"

அவர் சிரிப்பை மீசைக்குள் ஒளித்தார். "நிழலைக் காட்டும். கண்ணால கண்டால் வாறன்."

ஆனால் நிழலுக்கு வெயில் வேண்டுமே. திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளும் வானம் பீங்கான் தட்டைக் கவிழ்த்துவைத்தது போலக் கிடந்தது. வியாழன் பதினொரு மணிக்கு மூடுபனி விலகியது. தில்லைநாயகிக்கு அன்று பின்னேர வேலை. முற்றத்தில் கொட்டிக் கிடந்த பனியில், வீடு கூட்டும் தும்புத்தடியை நிமிர்த்தி நட்டு, நிழலின் நுனி விழுந்த இடத்தில் இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை மஞ்சள் தூள் தூவினாள். வெள்ளைப் பனியில் மஞ்சள் புள்ளிகள் வளைந்து நடந்தன. கீழ்வீட்டுச் சுவிஸ் கிழவி யன்னலைத் திறந்து பார்த்து, ஏதோ பூசை என்று நினைத்துக் கும்பிட்டுவிட்டு மூடினாள்.

நிழல் ஆகக் குறுகியது பன்னிரண்டு இருபத்திரண்டுக்கு. அதுதான் உச்சி. தொழிற்சாலை நாட்காட்டியின்படி சூரிய உதயம் எட்டு மணி ஆறு நிமிடம்.

"உதயத்தில இருந்து உச்சி மட்டும் இருநூற்றைம்பத்தாறு நிமிசம். அது அரைப் பகல்; நாலு பங்காப் பிரிச்சால் ஒண்டுக்கு அறுபத்திநாலு. நாலாம் பங்கு துடங்கிறது பதினொண்டு பதினெட்டுக்கு. பத்தே முக்காலுக்குப் போனால் ராகு இன்னும் வரயில்லை."

"அப்ப ராகு ஒரு மணித்தியாலத்துக்குக் கொஞ்சம் கூடத்தானோ?"

"இந்தக் குளிருக்கு அவர் அதுக்கு மேல வேலை செய்யமாட்டார்."

யோகராஜா பனியில் குந்தியிருந்து மஞ்சள் புள்ளிகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். பிறகு போய் மேற்சட்டையை இஸ்திரி போட்டார்.

வெள்ளி பத்தரைக்கே அவர்கள் பேர்ன் அலுவலகத்து மர வாங்கில் உட்கார்ந்திருந்தார்கள். பத்தே முக்காலாயிற்று. கூப்பிடவில்லை. மொழிபெயர்ப்பாளரின் ரயில் பனியில் பிந்திவிட்டதாம். பதினொன்று. பதினொன்று பத்து. சுவரில் இருந்த கடிகாரத்தை யோகராஜா கண்வெட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார். பழைய கணக்கில் இருந்திருந்தால் எப்போதோ பயந்து முடித்திருப்பார். இப்போது மனைவியின் கணக்கை நம்பியதால் நிமிடத்துக்கு நிமிடம் பயப்படவேண்டியிருந்தது.

முள் பதினெட்டைத் தொட்டது. அதே நேரத்தில் கதவு திறந்து, அலுவலர் கூப்பிட்டார். "ஹெர் யோகராஜா?"

அவர் எழும்பி, வாசலைப் பார்த்தபடி அப்படியே நின்றார். "நாயகி, பதினெட்டு. உம்மட கணக்கு."

"என்ர கணக்கு லாங்கன்தாலுக்கு," என்றாள் அவள் மெதுவாக. "பேர்ன் அதுக்கு மேற்கை. சூரியன் இஞ்ச வர இன்னும் ஒன்றரை நிமிசம் செல்லும். ராகு இன்னும் அங்கதான் நிக்கிறார். நடவுங்கோ."

அவர் வலது காலை முன்வைத்து நடந்தார்.

விசாரணை மூன்று மணித்தியாலம் நீண்டது. ராகு வந்து, போயும் விட்டார். வெளியே வந்தபோது பேசிப் பேசி யோகராஜாவின் குரல் கம்மியிருந்தது.

"ஒன்றரை நிமிசம் உண்மையோ? இல்லை, என்னை உள்ள தள்ளச் சொன்னதோ?"

"உண்மைதான். அதில அரை நிமிசத்தை நீங்கள் வாசலில நிண்டே முடிச்சிட்டியள்."

அடுத்த வருடம் ஐப்பசியில், அவர்கள் அந்த நாட்டிலேயே இருக்கலாம் என்று பதில் வந்தது. அன்று மாலையே யோகராஜா சூரிச்சுக்குத் தொலைபேசி எடுத்தார். சண்முகலிங்கம் அண்ணை சந்தோசப்பட்டுவிட்டு, ஞாயிறு பின்னேரம் வருவதாகவும், நாலரைக்கு ராகு துவங்கமுன் வெளிக்கிட்டுவிடுவதாகவும் சொன்னார்.

"நில்லுங்கோ அண்ணை, நாலரையோ?" என்றார் யோகராஜா. "அது ஊர்க் கணக்கு. உங்கட பக்கம் சூரியன் எங்களைவிட மூண்டு நிமிசம் முந்தி. ஒரு தும்புத்தடியும் கொஞ்ச மஞ்சள் தூளும் எடுங்கோ, சொல்லுறன்."